மூலையில் பட்ட மை

அன்புத் தங்கை அமிர்தத்துக்கு,

நேற்று பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே ஆபீசில் டெலிபோன் பக்கத்தில் இருந்தவர்கள் மூன்றே பேர்: நான், உன் அத்தான், கிளார்க் கபிரியேல். ஆனால் உன் வீட்டுக்காரர் கிள்ளான் ஸ்டேஷனில் உன்னைப் பேச வைத்ததும், உன் குரல் என் காதுக்குள்ளேயே வந்து நின்றது! முருகா, உன் மூச்சுகூடக் கேட்டதே! நான் போட்ட சத்தத்தில் கபிரியேல், "மெதுவா பேசுங்கக்கா, கம்பி இல்லாமலே கிள்ளானுக்குக் கேட்டுடும் லா" என்று சிரித்தார்.

பிள்ளை பிறந்த சேதி கேட்டு நான் எழுதியதற்கு ஏழு மாதமாக ஏன் பதில் இல்லை என்று கேட்டேன்.

"உன் கடுதாசியே வரலியேக்கா. மூலையில கறுப்புத் தடவுன சாவுக் கடுதாசி ஒண்ணுதான் வந்துச்சு. பச்சப்புள்ள இருக்குற வீடுன்னு மாமியார் பிரிக்காமலே வாசல்ல கிழிச்சுப் போட்டாங்க" என்றாய். அதோடு பேச்சு அறுந்துவிட்டது.

வீட்டுக்கு வந்து கணக்கு நோட்டைப் புரட்டினேன். உன் பிள்ளைக்கென்று கண்மை கூட்ட விளக்கெண்ணெய் வாங்கியதும், உனக்குக் கடிதம் போட ஸ்டாம்பு வாங்கியதும் ஒரே நாள். அமிர்தம், அந்தக் கறுப்பு என் பெருவிரலில் இருந்த மை.

இது தெரியாமல், உனக்குத் தலைக்கனம் என்று கோயிலில் நாலு பேரிடம் சொல்லிவிட்டேன். அத்தனை மாதக் கோபமும் ஒரு கம்பிக்குள் மூன்று நிமிடத்தில் கரைந்ததை நினைத்தால் இன்னும் உடம்பு சிலிர்க்கிறது.

இந்தக் கடிதத்துக்கு நாலு மூலையிலும் மஞ்சள் தடவியிருக்கிறேன். மாமியாரிடம் காட்டி நடந்ததைச் சொல். என்னை மன்னித்துவிட்டாயா? வெள்ளிக்கிழமை ரயிலில் வந்து பிள்ளையைத் தூக்கலாமா? சீக்கிரம் பதில் எழுது.

உன் அக்கா