கோணல் எழுத்தில் வந்த ஆணை

மங்கலம் நிலைபெறுக. ஏழு வாயில்களும் எழுபது கலைக்கூடங்களும் சூழ்ந்த எழிற்புரியில் வீற்றிருந்து நறுங்கா நாட்டைத் தம் குடைநிழலில் வைத்துக் காத்தருளும் அரசியார் குவளைமாதேவியாரின் திருவாணைப்படி, அவர்தம் ஓலைநாயகமும் குடிக்கணக்கு அமைச்சனுமாகிய காரிகிழான் ஏறன், நொச்சியாற்றின் தென்கரையில் நொச்சித்துறைக் கோட்டையைக் காத்து நிற்கும் தண்டத்தலைவர் கண்டன் பூதியாருக்கு விடுக்கும் ஓலை. உம் மதில் உறுதி பெறுக. உம் குதிரைகளுக்குப் புல் குறையாதிருக்க. உம் வீரர் வீட்டு அடுப்புகள் அணையாதிருக்க.

ஓலையைப் பிரித்ததுமே உம் புருவம் நெற்றிக்கு ஏறியிருக்கும். எழுத்து கோணல், வரி மேடு ஏறிப் பள்ளம் இறங்குகிறது, இரண்டு இடத்தில் எழுத்தாணி ஓலையைக் கிழித்தே விட்டது. ஏறனின் எழுத்து முத்துப் போலிருக்கும் என்று நாடே சொல்ல, இது என்ன கோழி கிளறிய குப்பை என்று தூக்கி எறியப் போகிறீர். ஐயா பூதியாரே, கையைச் சற்றுப் பொறுத்துக்கொள்ளும். கடைசி வரி வரை படியும்.

ஆணையை முதலில் சொல்லிவிடுகிறோம்: வருகிற முழுமதி நாள் காலையில் அக்கரை வாகை நாட்டு ஓடங்கள் உம் துறைக்கு வரும். எழிற்புரியிலிருந்து அனுப்பப்பட்டு உம் கரையில் காத்திருக்கும் அறுநூற்றுப் பன்னிருவரில் ஒருவரையும், இவ்வோலையின் முடிவில் சொன்னது நிறைவேறும் முன், அவ்வோடங்களில் ஏற்றலாகாது.

இவர்களை ஓடமேற்றி அனுப்புக என்று பதினெட்டு நாளைக்கு முன் எழுதிய ஓலை உம்மிடம் இருக்கிறது. அது முத்து எழுத்து. இது கோணல் எழுத்து. முத்திரையோடு கையெழுத்தும் ஒத்தால் அன்றி எந்த ஓலைக்கும் கோட்டை பணியலாகாது, தூதர் வாய்ச்சொல் செல்லாது என்பது விதி. முத்திரை களவு போன ஆண்டில் அதை வகுத்தவனும் இதே ஏறன்தான். விரிசல் விட்ட முத்திரை என்று அரசியாரின் அத்தை மகனையே வாசலில் நிறுத்தி வெயிலில் காய வைத்தவர் நீர். ஆகவே நடந்ததை ஒளிக்காமல் சொன்னாலன்றி நீர் நம்பமாட்டீர். அரச ஓலையில் விடுப்பவன் தன்னைத் தானே புகழவோ அழவோ கூடாது, பிறன் கதையாகவே சொல்ல வேண்டும் என்பது நம் முறை. அப்படியே ஏறன் கதையைக் கேளும்.

மழை பொய்த்தது உமக்குத் தெரியும். வைகாசியில் பேரேரி இறங்கி மதகின் அடிக்கல் வெளியே வந்தது. எழிற்புரிக்கு வயல் கிடையாது, சுரங்கம் கிடையாது, துறைமுகமும் கிடையாது. கூத்தும் படிமமும் முழவும் கூத்தர் சூடும் முடியும் பட்டும்தான் அதன் விளைச்சல். ஆவணிப் பெருங்கூத்துக்கு ஏழு நாட்டு வணிகர் நெல்வண்டிகளோடு வருவர். கூத்துப் பார்த்து, வேண்டிய படிமமும் முழவும் ஏற்றிக்கொண்டு, நெல்லை இறக்கிவிட்டுப் போவர். அந்த நெல்தான் அடுத்த ஆவணி வரை நகரத்தின் சோறு. அதுவரை இருக்கிற தண்ணீரை யாருக்குக் கொடுப்பது என்று அவை திகைத்து நின்றபோது, ஏறன் எழுந்து, எந்தக் கூடத்தையும் சேராமல் நகருள் திரிவோரை வெளியே அனுப்பிவிடலாம் என்றான். வாகை நாட்டரசர் அவர்களை ஏற்றுக்கொள்ள ஓடம் அனுப்புவதாகச் சொன்னதும், தொல்லை விட்டது என்று அவை தலையாட்டியது. இத்தனை எளிய வழி யாருக்கும் தோன்றவில்லையே என்று ஏறனுக்கு அன்று தலைகால் புரியவில்லை.

அஃது நிற்க. வழி எளியதுதான். ஒவ்வொரு கூடத்து ஆசானும் தன்னிடம் வேலை செய்வோர் பெயரை எல்லாம் எழுதித் தரவேண்டும். பெயர் உள்ளவர் இருக்கலாம், இல்லாதவர் போகவேண்டும். ஆனால் எழிற்புரிக் கூடங்களின் தலைவாசலை நீர் பார்த்திருப்பீர். ஒன்று விடாமல் எல்லாவற்றிலும் பலகை தொங்கும்: "இங்கே வெளிக்கை படாது." முழுவதும் எங்கள் கூடத்தார் கைவேலையே என்பது அதன் பொருள், வணிகர் விலை கேட்கும் முன் அந்தப் பலகையைத்தான் பார்ப்பர். உண்மையோ வேறு. படிமத்துக்குக் கண் திறப்பவன் இன்று ஒரு கூடம், நாளை ஒரு கூடம் என்று போவான். முழவின் நடுவே கருஞ்சாந்து இடுபவளும் அப்படியே. பத்துத்தலை முடி கூத்தன் கழுத்தை ஒடிக்காமல் நிற்கும்படி எடைகட்டுகிறவனும் அப்படியே. வெளிக்கையர் என்று அவர்களுக்குப் பெயர். வணிகர் முன்வாசலால் வந்தால் அவர்கள் பின்வாசலால் போவார்கள். எல்லாருக்கும் தெரியும், யாரும் வாய் திறப்பதில்லை.

அப்புறம் என்ன! எழுபது கூடமும் "வெளிக்கை இல்லை" என்றே எழுதித் தந்தன. நம்மிடம் மாதத்துக்கு நாலு நாள் வருகிறவன்தானே, அவன் பெயரை மற்றவன் எழுதட்டும் என்று ஒவ்வொரு ஆசானும் நினைத்தார். மற்றவனும் அதையே நினைத்தான். ஏறன் அந்த எழுபது ஏட்டையும் பார்த்து, கணக்கு எவ்வளவு துப்புரவாக இருக்கிறது என்று மெச்சிக்கொண்டான். அறுநூற்றுப் பன்னிருவர் மூட்டை கட்டினார்கள். ஏறனோ தண்ணீர்ப் பங்கீடு பார்க்கப் பேரேரிக்கரைக்குப் போய்க் கூடாரம் அடித்துக்கொண்டான்.

பதினெட்டாம் நாள், அதாவது இன்று காலை, அவன் நகருக்குத் திரும்பியபோது சிற்பியர் தெரு முழுக்க நாற்பது படிமங்கள் வரிசையாக நின்றன. நாற்பதுக்கும் கண் இல்லை. அவ்வழியே போகிற பெண்கள் பிள்ளைகளின் முகத்தை முந்தானையால் மூடிக்கொண்டு போனார்கள். முழவுத்தெருவில் புது முழவைத் தட்டினால் கதவைத் தட்டுகிற சத்தம் கேட்டது. பத்துத்தலை முடியைத் தரித்துப் பார்த்த கூத்தன் கழுத்தில் எண்ணெய்க்கட்டோடு படுத்திருக்கிறான். படிமக்கூடத்து மூத்த ஆசான் கோடன், இது என்ன பெரிய வித்தை என்று தாமே உளியை எடுத்திருக்கிறார்; அம்மன் ஒருத்தி மாறுகண்ணோடு நிற்கிறாள். பெருங்கூத்துக்கு இன்னும் பதினான்கே நாள். காட்டுவதற்கு ஒன்றும் இல்லையென்றால் நெல்வண்டிகள் பாதி வழியில் திரும்பும். தண்ணீரை மிச்சம் பிடிக்கப் போய்ச் சோற்றில் மண்ணைப் போட்டுக்கொண்டோம், பூதியாரே.

அரசியார் ஆசான்களை அவைக்கு அழைத்தார். கோடனாசான் முன்னால் வந்து, மேல்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, "தாயே, அவன் கண்ணைத் திறக்காம எங்க படிமம் ஒண்ணுகூடப் பாக்காது. வாசல்ல பலகை தொங்குதே, அதுக்காகப் பொய் சொல்லிட்டோம்" என்று சொல்லித் தரையைப் பார்த்து நின்றார்.

ஏறன் பாய்ந்தான். ஒருவன் உழைப்பில் பெயர் வாங்கிக்கொண்டு அவன் பெயரை எழுத மட்டும் கை வரவில்லையா, உண்ட வீட்டுக்கு இப்படியா செய்வீர்கள் என்று அவை அதிர வைதான். அவன் போட்ட சத்தத்தில் கோடனாசான் கண் கலங்கிவிட்டார். மீட்பு ஓலை உடனே போகட்டும், குதிரை மாற்றிக் குதிரை ஏறினால் முழுமதிக்கு முதல் நாள் நொச்சித்துறை சேரும் என்று அரசியார் ஆணையிட்டார். ஏறன் நிமிர்ந்த நெஞ்சோடு மனைக்கு வந்தான், ஆசனத்தில் அமர்ந்தான், வழக்கம் போலத் திரைப்பக்கம் தலையைத் திருப்பி, "செருந்தி, ஓலையை எடு" என்றான்.

இன்னொரு தடவை அழைத்தான். சமையற்காரர் கரண்டியோடு எட்டிப் பார்த்து, "அந்தம்மா போயிப் பதினெட்டு நாளாச்சுங்களே. நீங்கதானேய்யா அனுப்புனீங்க?" என்றார்.

பூதியாரே, ஏறனுக்கு எழுத வராது. இளமையிலிருந்தே எழுத்தாணி அவன் கையில் நிற்காது. பதினோரு ஆண்டாக அவன் சொல்லச் சொல்ல, திரைக்குப் பின்னே உட்கார்ந்து எழுதியவள் செருந்தி. மேலைத்தெருவில் குடியிருந்தவள், பிற்பகலில் வணிகர்க்கும் முறைப்பாடு சொல்ல வருவோர்க்கும் எழுதிக் கொடுத்து வயிறு வளர்த்தவள். நாட்டுப் பள்ளிகளில் பிள்ளைகள் பார்த்தெழுதும் அந்த முத்து எழுத்து அவளுடையது. அந்த எழுத்துக்காகத்தான் அரசியார் முடிசூடிய நாளில் ஏறனுக்குப் பொன் எழுத்தாணி அளித்தார். அவன் அதை இரு கையாலும் வாங்கிக்கொண்டான். அன்றைக்கே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

உம்மிடம் இருக்கும் அந்த வெளியேற்ற ஓலையையும் எழுதியவள் அவளே. அதை எழுதி முடித்த கையோடு ஏறன் தன் மனைக்குரிய ஏட்டையும் எழுதச் சொன்னான். "ஏறன் மனை: வெளிக்கை இல்லை" என்று சொன்னான். எழுத்தாணி நின்றது. திரைக்குப் பின்னிருந்து அவள், "அப்படியே எழுதிடவாய்யா?" என்று கேட்டாள். எழுது, நேரமாகிறது என்றான் அவன். அவள் எழுதினாள், மசி தடவித் துடைத்தாள், கயிற்றால் கட்டி அவன் கையில் கொடுத்தாள், போனாள். கோடனாசானுக்காவது ஒளிப்பதற்கு ஒரு பலகை இருந்தது. ஏறன் அவளைப் பற்றி நினைக்கவே இல்லை. அதை எழுதும்போது எழுத்தாணி அழுந்திவிட்டது. கிழிந்த இரண்டாம் இடம் இதுதான்.

அஃது நிற்க. அவன் திரும்ப அவைக்கு ஓடினான். சற்று முன்னர் யாரை வைதானோ அதே ஆசான்கள் முன்னிலையில், அரசியாரிடம் எல்லாவற்றையும் சொன்னான். அரசியார் கடைசிவரை கேட்டுக்கொண்டார். பிறகு, "அப்போ, என் தாயார் இறந்தப்ப எனக்கு வந்த அந்த ஆறுதல் ஓலை?" என்று கேட்டார். அதுவும் அவள் எழுத்துத்தான் என்றான். சொல்லிலும் பாதி அவளுடையது என்றும் சொன்னான். ஓலைநாயகப் பட்டத்தைத் திருவடியில் வைக்கிறேன் என்று அவன் குனிந்தபோது அரசியார் தடுத்து, "பட்டத்தை அப்புறம் பாக்கலாம். இந்த ஒரு ஓலையை உங்க கையாலயே எழுதுங்க. எப்படி வருதோ அப்படியே போகட்டும்" என்று சொல்லிவிட்டார். வேறு நல்ல கையை வைத்து எழுதியிருந்தாலும் உம் விதிப்படி அது செல்லாதே. அதனால்தான் இந்தக் கோழிக்கிளறல்.

இனி நீர் செய்ய வேண்டியது. ஓடங்களைத் துறையில் கட்டிப்போடும். கரையில் இருப்போரில் செருந்தி என்பவளைக் கோட்டைக்குள் அழைப்பித்து, இருக்கை கொடுத்து, முதலில் குடிக்கத் தண்ணீர் கொடும். பதினெட்டு நாளைக்கு முந்தைய ஓலையையும் இவ்வோலையையும் அவள் முன் வைத்து, இவ்வோலையும் ஏறன் ஓலைதானா என்று கேளும். எழுத்தைப் பார்த்து அவள் சொல்லமாட்டாள். ஏறன் எழுத்தை அவளும் கண்டதில்லை. சொல்லைப் பார்த்துச் சொல்வாள். ஏறன் எந்த ஓலையிலும் மூன்று தடவை "அஃது நிற்க" என்பான். அவள் இரண்டை எடுத்துவிட்டு ஒன்றை மட்டும் விடுவாள். இதில் எடுப்பதற்கு ஆள் இல்லை.

இது ஏறன் ஓலைதான் என்று அவள் சொன்னால், இதில் உள்ளபடி செய்யும். இல்லை என்று சொன்னாலோ, பேசாமல் எழுந்து போனாலோ, இவ்வோலை பொய் ஓலை, பழைய ஆணையே நிற்கும், ஓடங்களை அவிழ்த்துவிடும். நாட்டின் ஓலைநாயகம் யார் என்பதற்கு இன்று அவள் ஒருத்தியே சான்று. வாகை நாட்டார் அவளுக்கு வீடும் மதிப்பும் தர ஓடத்தோடு வருகிறார்கள். ஒரு சொல் பொய் சொன்னால் போதும், அவள் போய்விடலாம். அவளைக் குறை சொல்ல யாருக்கும் வாய் கிடையாது. ஏறன் அஞ்சுகிறான். நகரம் பட்டினி கிடக்குமே என்று அஞ்சுகிறான். அவள் இதைப் படிக்கும்போது என்ன நினைப்பாள் என்று அதைவிட அஞ்சுகிறான்.

அஃது நிற்க. அவள் ஆம் என்றாலும் ஒருவரையும் வேல்முனையில் திருப்பி ஓட்டலாகாது. வெளியே போ என்று சொன்ன வாயால் உள்ளே வா என்று அதட்டுவது அரசுக்கு அழகன்று. ஒவ்வொருவரையும் தனித்தனியே கேளும். வர விரும்புவோர் பெயரையும் அவர் தொழிலையும் எழுதிக்கொண்டு, உம் வண்டிகளில் ஏற்றி, தண்ணீர் கொடுத்து அனுப்பும். போக விரும்புவோரை வணங்கி ஓடத்தில் ஏற்றும். எழுபது கூடத்துப் பலகைகளும் இன்று உச்சிவேளைக்குள் இறங்கிவிட்டன என்று அவர்களிடம் சொல்லும். முதற்பலகையைக் கோடனாசானே ஏணி வைத்து ஏறிக் கழற்றினார். அந்த இடத்தில் பெயர் எழுதும் பலகை வரும். கண் திறப்பவன் பெயரும் சாந்து இடுபவள் பெயரும் எடைகட்டுபவன் பெயரும் ஆசான் பெயருக்குக் கீழே வரும். வணிகர் அதைப் பார்த்து விலையைக் குறைத்தால் குறைக்கட்டும் என்பது அரசியாரின் திருவாக்கு.

தூதுவன் மடியில் பட்டுத்துணியில் சுற்றிய பொன் எழுத்தாணி ஒன்று இருக்கும். அதை, நீர் கேள்வி கேட்கும் முன் அல்ல, அவள் விடை சொன்ன பிறகு அவளிடம் கொடும். ஆம் என்றாலும் கொடும், இல்லை என்றாலும் கொடும். அவள் எந்தக் கரைக்குப் போனாலும் அது அவளுடையது.

குவளைப்பூ முத்திரை இட்டோம். இவ்வாணை நொச்சியாறு ஓடும் வரை நிற்பதாக. இதை மறைப்பவன் எவனாயினும் அரசியார் அவைக்கு விடை சொல்வானாக. இவ்வோலை காரிகிழான் ஏறன் எழுத்து. இதற்கு முன் இப்பெயரில் நீர் பெற்றவை யாவும் மேலைத்தெருச் செருந்தி எழுத்து.