பேர் ஓடும்போது பார்த்த கல்யாணம்

அன்புள்ள என் வாலுப் பெண்ணுக்கு அம்மா எழுதுவது. இங்கே நான், அப்பா, சித்தி மூவரும் உடம்பளவில் சுகம். மனசளவில் சுகமா என்று கேட்காதே, அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா, ஈரத்தலையோடு வேலைக்கு ஓடுவதை விட்டாயா? நீ அடுத்த படத்து வேலையாகத் தீவில் இருக்கிறாய், அங்கே போன் எடுக்காது என்று உங்கள் சினிமாக் கம்பெனியின் இந்த ஊர் ஆபீஸ் மேனேஜர் அம்மா சொன்னார். வாராவாரம் அங்கே சாமான் பெட்டி போகுமாம், கடிதம் கொடுத்தால் அதில் வைத்து அனுப்புகிறேன் என்றார். கையில் கிடைத்ததும் முதலில் உட்கார், அப்புறம் படி. எனக்கு வந்த அதிர்ச்சியில் பாதியாவது உனக்கும் வரட்டும்.

நீ வேலை பார்த்த முதல் படம், அதுவும் இரண்டு நாட்டுக் கம்பெனிகள் கூட்டுச் சேர்ந்து எடுத்த காதல் படம், நம் தெருமுனைத் தியேட்டருக்கு வந்தால் நான் சும்மா இருப்பேனா? அப்பா, சித்தி போதாதென்று கண் ஆஸ்பத்திரியில் என்னோடு சீட்டு எழுதுகிறவர்கள், நர்ஸுகள், பெரிய டாக்டர், எதிரே கண்ணாடிக்கடைக்காரர் என்று இரண்டு வரிசை நிறைய ஆட்களைக் கூட்டிக்கொண்டு போனேன். படம் நன்றாகத்தான் இருந்தது. அந்த ஊர் பஸ் டிரைவரும் நம் ஊர் பேக்கரிக்காரியும் ஒருவர் பாஷை ஒருவருக்குத் தெரியாமல் சண்டை போட்டு, சண்டை போட்டே காதலித்து, கடைசியில் பதிவு ஆபீஸில் மோதிரம் மாற்றிக்கொள்கிறார்கள். டாக்டர் விழுந்து விழுந்து சிரித்தார். நம் தியேட்டரில்தான் படம் முடிந்து பேர் ஓட ஆரம்பித்ததும் லைட்டைப் போட்டு விரட்டிவிடுவார்களே, அதனால் என் பெண் பேர் வருகிறவரை லைட்டைப் போடாதீர்கள் என்று மேனேஜரிடம் முன்கூட்டியே கெஞ்சி வைத்திருந்தேன். அவரும் பெரிய மனது பண்ணி ஒத்துக்கொண்டார். வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்ட கதை என்பது இதுதான். பேர்கள் ஒரு பக்கம் ஓட, மறுபக்கம் சின்னக் கட்டத்தில் ஷூட்டிங்கில் நடந்த கூத்தையெல்லாம் காட்டினார்கள். ஒருவர் வழுக்கி விழுந்தார், ஒருவர் வசனத்தை மறந்தார். அடுத்தது நீ! தலையில் வெள்ளை வலைத் துணி, பக்கத்தில் நெட்டையாக ஒரு பையன், எதிரே மேஜையில் அதிகாரி. அவன் உன் விரலில் மோதிரம் போடுகிறான், சுற்றி நின்றவர்கள் எல்லோரும் கைதட்டுகிறார்கள்.

சித்திதான் தியேட்டரே திரும்பிப் பார்க்கும்படி, "அடிப்பாவி, கல்யாணமே முடிஞ்சுபோச்சா!" என்று கத்தினாள். அவ்வளவுதான், இரண்டு வரிசையும் எழுந்து கைதட்டியது. பெரிய டாக்டர் அப்பாவின் கையைப் பிடித்துக் குலுக்கி, சொல்லவே இல்லையே சார், கமுக்கமா முடிச்சிட்டீங்களே என்றார். உன் அப்பா அதற்கு தேங்க்ஸ் சொன்னார். பாவம், வேறு என்னதான் சொல்வார்? உன் பேர் எப்போது ஓடியது என்று எங்களில் ஒருவரும் பார்க்கவில்லை. வீட்டுக்கு வந்து ஒரு கால் செருப்பை மட்டும் கழற்றிவிட்டு அப்படியே கட்டிலில் உட்கார்ந்த அப்பா, "நம்மகிட்ட சொல்லியிருந்தா வேணாம்னா சொல்லியிருப்போம்?" என்று சுவரைப் பார்த்துக் கேட்டார். ஊரில் உள்ள லிஃப்டையெல்லாம் பழுது பார்க்கிற மனுஷன், மறுநாள் வேலைக்கே போகவில்லை. நீ யாரைக் கட்டிக்கொண்டாய் என்பதுகூட எனக்குப் பெரிதாகத் தோன்றவில்லையடி. பெற்றவர்களைக் கூப்பிட வேண்டும் என்று உனக்குத் தோன்றவே இல்லையே, அதுதான் நெஞ்சை அறுத்தது. ஆஸ்பத்திரியில் கண் எரிச்சல் என்று வந்தவருக்கு இதயம் என்று சீட்டு எழுதிக் கொடுத்தேன்.

உன் போன் கிடைக்காமல்தான் உங்கள் கம்பெனி ஆபீஸுக்குப் போய் அந்த மேனேஜர் அம்மாவிடம் அழுதேன். அவர் சிரித்த சிரிப்பில் குடித்துக்கொண்டிருந்த டீ மூக்கில் ஏறிவிட்டது. அது கல்யாணம் இல்லைங்க, நடிகர்கள் வருவதற்கு முன்னால் லைட்டைச் சரி பார்க்க அவர்கள் இடத்தில் மாற்று ஆளை நிற்க வைத்து, மோதிரம் போடுவதுவரை ஒத்திகை பார்ப்போம் என்றார். கூட்டுத் தயாரிப்பு ஒப்பந்தப்படி எந்த வேலைக்கும் இங்கிருந்து ஒருவர், அங்கிருந்து ஒருவர் இருக்க வேண்டுமாம், அதனால் மணப்பெண் இடத்தில் நீயாம், மாப்பிள்ளை இடத்தில் மைக் பிடிக்கிற பையனாம். கழுத்தில் ஹெட்போனை மாட்டிக்கொண்டா ஒருவன் கல்யாணம் பண்ணிக்கொள்வான் என்று அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும். போன உயிர் திரும்பி வந்தது. ஆஸ்பத்திரியில் ஒவ்வொருவரிடமும் போய் என் பெண்ணுக்குக் கல்யாணம் ஆகவில்லை என்று சொன்னேன், பெரிய டாக்டர் உட்பட ஒருவரும் நம்பவில்லை. சித்தி உனக்காக வாங்கிவிட்ட குக்கரைக் கடைக்காரன் திருப்பி எடுக்க மாட்டேன் என்கிறான்.

இதோடு முடிந்திருந்தால் உனக்கு இவ்வளவு நீளக் கடிதம் வந்திருக்காது. நிம்மதியாக ஒரு தடவை பார்ப்போம் என்று நேற்று நானும் அப்பாவும் மட்டும் மறுபடியும் போனோம். முதல் நாள் சித்தி போட்ட கூச்சலில் நாங்கள் கவனிக்காததை நேற்றுதான் பார்த்தோம். டைரக்டர் போதும் என்று கையைக் காட்டுகிறார். லைட்டை அணைக்கிறார்கள். அதிகாரியாக உட்கார்ந்தவர் எழுந்து போகிறார், மேஜையைக்கூட நகர்த்துகிறார்கள். நிஜக் கதாநாயகி வந்து உன் பின்னால் காத்துக்கொண்டு நிற்கிறாள். நீங்கள் இரண்டு பேரும் மட்டும் கையை விடவில்லை. அவள் உன் தோளைத் தட்டுகிறாள், அப்போதும் விடவில்லை. கட்டம் மறைந்தே போய்விட்டது. அப்பா என் காதருகே குனிந்து, "லைட் பாக்க நின்னவங்களுக்கு லைட் அணைஞ்ச பிறகு என்ன வேலை?" என்றார். முதல் நாள் அதிர்ச்சியாவது பொய், இது நிஜம். நாங்கள் இந்த ஊரில் தெரிந்தவர்களிடமெல்லாம் உனக்கு வரன் பார்க்கச் சொல்லி வைத்திருக்க, இரண்டு நாட்டுக் கம்பெனியும் கூடிக் கையெழுத்துப் போட்டு உனக்கு மாப்பிள்ளை பார்த்துவிட்டதே!

கோபம் இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன், இருக்கிறது. ஆனால் உன் முகத்தையும் பார்த்தேன். சின்ன வயதிலிருந்து உனக்கு எத்தனையோ போட்டோ எடுத்திருக்கிறோம், ஒன்றில்கூட அந்த முகம் இல்லை. அப்பா வீட்டுக்கு வந்ததும், மைக் பிடிக்கிறதுக்கு நல்ல கை பலம் வேணும், தெரியுமா என்றார். அதை அவர் சம்மதம் என்று எடுத்துக்கொள்வதா, உளறல் என்று எடுத்துக்கொள்வதா, உன் பாடு. நான் அவனைப் பார்த்துப் பேசிவிட்டுத்தான் சொல்வேன். எங்கள் பாஷை அவனுக்குத் தெரியாது என்று சாக்குச் சொல்லாதே, நான் பேசுகிற தோரணையிலேயே அவனுக்குப் புரியும்.

உடம்பைப் பார்த்துக்கொள். கடல் காற்று உனக்கு ஆகாது, காதை மூடிக்கொள். நீ எடுத்த காரியமெல்லாம் ஜெயமாகட்டும், நீண்ட ஆயுசோடு, நிறைந்த மனசோடு இரு. நான் கேட்பது ஒன்றுதான், மறந்துவிடாதே. நாளைக்கு நிஜமாகவே அந்த மேஜைக்கு முன்னால் நிற்கிறபோது, நாங்கள் வந்து சேரக் கொஞ்சம் தாமதமானாலும், எங்கள் இடத்தில் மாற்று ஆளை மட்டும் நிறுத்திவிடாதே.

இப்படிக்கு,
இன்னும் படபடப்பு அடங்காத உன் அம்மா