மாலக்கியின் மெட்டும் டப்ளின்காரியும்

அன்பு மகன் மாலக்கிக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் உடம்பிலே உயிரும் வாயிலே சண்டையுமாகச் சுகமாக இருக்கிறோம், நீயும் கடல் தாண்டி அந்தப் பெர்த் வெயிலில் கருகிப் போகாமல் சுகமாக இருக்க வேண்டுமென்று ஞாயிறுதோறும் கோயிலில் மெழுகுவர்த்தி ஏற்றுகிறேன். இங்கே மழை நின்றபாடில்லை, புல் அறுப்பு பாதியில் நிற்கிறது, அப்பாவுக்கு முழங்கால் வலி, டாக்டரிடம் போங்கள் என்றால் "அந்தாளப் பாத்தா எனக்கு முன்னாடி போயிருவாரு போல இருக்குடி" என்கிறார். அவரைத் திருத்த என்னால் ஆகாது.

உன் இசைக்குழுவைப் பற்றி உனக்கு யாரும் உண்மையைச் சொல்லியிருக்க மாட்டார்கள், அதனால்தான் இதை எழுதுகிறேன். நீயும் டிம்ப்னாவும் அவள் தம்பியும் நம் சமையலறையில் உட்கார்ந்து வாசிக்க ஆரம்பித்தபோது அடுப்பைச் சுற்றி உங்கள் கோட்டுகள் சொட்டிக்கொண்டிருக்கும், தரையைத் துடைத்துத் துடைத்து அலுத்துப்போய் நான் வைத்த பெயர்தான் 'நனைந்த கோட்டுகள்', அது இன்றைக்கு ஜெர்மனியில் சுவரொட்டியில் இருக்கிறது. ஊர் கல்யாணங்களில் வாசித்தீர்கள், பப்பில் யாரும் காது கொடுக்காமல் குடித்துக்கொண்டிருக்க வாசித்தீர்கள், இரண்டு இசைத்தட்டு போட்டீர்கள், பிரிட்டானி விழாவில் மழையில் நின்று ஜனங்கள் ஆடினார்கள். நீ ஒரே ஒரு வருஷம் என்று சொல்லிக் கிளம்பியபோது டிம்ப்னா என் கையைப் பிடித்துக்கொண்டு "அவன் எடத்துல யாரும் உக்கார மாட்டாங்க அத்தை" என்றாள். நானும் நம்பினேன்.

அந்த இடத்தில்தான் இப்போது நுவாலா என்று ஒருத்தி உட்கார்ந்திருக்கிறாள். டப்ளின்காரி, நல்ல உயரம், புல்லாங்குழலை ஏதோ கைக்குழந்தை மாதிரித் துணியில் சுற்றிக்கொண்டு வருகிறாள். முதலில் விருந்தாளி என்றார்கள், அப்புறம் சும்மா உதவிக்கு என்றார்கள். பப்பில் எல்லோரும் சேர்ந்து வாசிக்கும்போது அவள் போனை மேசை மேலே கவிழ்த்து வைக்கிறாள், பதிவு செய்கிறாளா இல்லையா என்று யாருக்குத் தெரியும். டிம்ப்னா பூசை முடிந்ததும் என்னைக் கண்டால் எதிர்ப்பக்கம் நடக்கிறாள். அப்பாவிடம் சொன்னால் "ஒனக்குப் பால்காரன் சிரிச்சாலும் சந்தேகம், சிரிக்கலன்னாலும் சந்தேகம்" என்கிறார். நான் வாயை மூடிக்கொண்டேன், கண்ணை மூடவில்லை.

போன ஞாயிறு மதியம் ஊர் மன்றத்தில் மூன்றாவது இசைத்தட்டு வெளியீடு. நான் முன்வரிசையில் உட்கார்ந்தேன், அவர்கள் என்னைப் பார்த்துக்கொண்டே வாசிக்கட்டும் என்று. எல்லாம் நன்றாகத்தான் போனது, நடுவில் அந்தப் பெண் தனியாக ஒரு மெதுவான மெட்டை எடுத்தாள் பார். நீ கிளம்புவதற்கு முந்தின குளிர்காலத்தில் நம் அடுப்படியில் உட்கார்ந்து உன் புல்லாங்குழலில் கட்டிய மெட்டு அது. "இன்னும் முடியலம்மா" என்று வெளியே எங்கும் வாசிக்கவே மாட்டாயே, கேட்டது நானும் அப்பாவும் நாயும்தான். அதுமட்டுமில்லை, இரண்டாவது பாகத்தில் மற்றவர்கள் யாரும் மூச்சு விடாத இடத்தில், ஒரு சுரத்தை விழுங்கிவிட்டு நீ மூச்சிழுப்பாயே, அதே இடத்தில் அவளும் மூச்சிழுத்தாள். திருட்டுத்தான் என்று முடிவு கட்டிவிட்டேன். நீ பெர்த்திலிருந்து போனில் டிம்ப்னாவுக்கு எப்போதோ வாசித்துக் காட்டியிருப்பாய், பாவி அதைப் பதிவு செய்து இவளிடம் கொடுத்துவிட்டாள் என்று நினைத்தேன்.

மெட்டை யாரிடமிருந்து வாங்கினாய் என்று கேட்டால் நம் ஊர் வாத்தியக்காரர்கள் எவரும் பதில் சொல்லாமல் தப்பிக்க முடியாது, உனக்கே தெரியும். தேநீர் குடிக்க எல்லோரும் எழுந்தபோது நேரே போய், ஊரே பார்க்க, "இந்த மெட்டு யாருகிட்டருந்து வாங்கினே பொண்ணே" என்று கேட்டேன். மிரளுவாள் என்று பார்த்தேன். அவள் முகமெல்லாம் சிரிப்பாக "நீங்க மாலக்கியோட அம்மாவா, அவருகிட்டருந்துதாம்மா, குளிர்காலம் பூரா போன்ல ஒக்காந்து அவரே சொல்லிக்கொடுத்தாரு, எங்க மூச்சு இழுக்கணுங்கறதக்கூட விடல" என்றாள். நான் எதற்கு என்று கேட்டேன். "'நான் இனிமே ஊருக்குத் திரும்பி வரப்போறதில்ல, அது குழுவோட இருக்கட்டும்'னு அவரு சொன்னாரு" என்றாள். சொன்ன பிறகுதான் என் முகத்தைப் பார்த்தாள். பின்னால் நின்ற டிம்ப்னா "ஐயோ அத்தை, அவன் ஒங்ககிட்ட சொல்லிட்டான்னு நெனச்சேன்" என்று அழ ஆரம்பித்தாள். கையிலிருந்த கேக்கை நான் தின்று முடித்தேன், வேறு என்ன செய்வது என்று தெரியவில்லை.

உன் அப்பாவுக்கும் இது முன்பே தெரியுமோ என்று எனக்கு இப்போது சந்தேகம். நீ வீடு கட்ட என்று விட்டிருந்த மேட்டு நிலத்தில் இந்த வருஷம் உருளைக்கிழங்கு போட்டிருக்கிறார், ஏன் என்றதற்கு "சும்மா கெடக்குற நெலந்தானே" என்று சொல்லிவிட்டுத் தொழுவத்துக்குப் போய்விட்டார். நான் அவரைக் கேட்கப் போவதில்லை, டிம்ப்னாவையும் கேட்கப் போவதில்லை. மாலக்கி, நீயே சொல். அங்கே உனக்கு ஒரு பெண் இருக்கிறாளா, வேலை பிடித்துப்போய்விட்டதா, இல்லை இந்த மழையும் நானும் போதும் என்று ஆகிவிட்டதா, எதுவானாலும் சொல். அழுவேன், அழுதுவிட்டு மாட்டுக்குத் தீனி வைப்பேன். நீ வரமாட்டாய் என்பது எனக்கு வலிக்கிறது, அதைவிட நான் ஒருத்திதான் இன்னும் உன் படுக்கை விரிப்பை மாற்றிக்கொண்டிருந்தேன் என்பது வலிக்கிறது.

மரியன்னை உன்னைத் தன் போர்வைக்குள் வைத்துக் காப்பாளாக, நீ எங்கே வேலை செய்தாலும் உன் கை கால் பத்திரமாக இருக்கட்டும், கட்டடத்துச் சாரத்தில் ஏறும்போது தொப்பி போட மறக்காதே. ஞாயிற்றுக்கிழமை போன் செய், அப்பா எடுத்தால் வானிலை பேசாமல் என்னைக் கூப்பிடச் சொல்.

இப்படிக்கு,
உன் அம்மா
அட்ராக்டா

அந்தப் பெண்ணை அடுத்த ஞாயிறு சாப்பிட வரச் சொல்லியிருக்கிறேன். அவளை வெறுக்கத்தான் நினைத்தேன். உன் மூச்சு இந்த ஊரில் இப்போது அவளிடம்தானே இருக்கிறது.