இடத்தை விட்டுக் கொடுக்காத கோல் காப்பாளருக்கு

அன்பும் ஆத்திரமும் ஒன்றாகவே வருகிற என் சால்வோ தம்பிக்கு,

இதை நானேதான் எழுதுகிறேன். கோயில் மண்டபத்தில் ஞாயிறு தோறும் நடக்கிற தமிழ் வகுப்பில், இஞ்சை பிறந்த பிள்ளைகளோடு ஒரே வாங்கில் இருந்து படித்துவிட்டேன். ஒரு வரி எழுதி முடிப்பதற்குள் தேத்தண்ணி ஆறிப்போகிறது. ஆனால் எழுதின வரியை நானே திரும்ப வாசிக்கும்போது வருகிற சந்தோசம், மன்னாரில் வலை நிறைய மீன் ஏறின நாளில்கூட எனக்கு வந்ததில்லை. அந்தச் சந்தோசத்தோடு, முதல் வேலையாக உம்மை ஏசப் போகிறேன்.

ஏசக் காரணம் இருக்கிறது. உமக்கு வந்த அதே நெஞ்சு நோ இப்போது எனக்கும் வருகிறது. இன்னும் ஒருவரிடமும் சொல்லவில்லை. இந்தக் கெட்ட பழக்கத்தை உம்மிடமிருந்துதான் பிடித்தேனோ?

உம்மை அறியாதவர்களும் எங்கள் பங்குக் கோயில் இதழில் இந்தக் கடிதத்தை வாசிப்பார்கள். அவர்களுக்குச் சொல்லுகிறேன்: நான் வேலை செய்கிற வீட்டின் எசமான் சால்வோ. இந்த ஊரின் பிரான்காச்சோப் பகுதியில் புல்லில்லாத மைதானத்தில் விழுந்தெழும்பிப் பழகி, கடல் தாண்டி வடக்கே போய், பெரிய உதைபந்தாட்டக் கழகம் ஒன்றுக்குக் கோல் காத்தவர். ஓய்வுபெற்ற பிறகு டயர் விற்றார். சனிக்கிழமைகளில் பங்கு மைதானத்தில் இளம் காப்பாளர்களைப் பழக்கினார்.

அந்தக் கழகத்தில் உமக்கு இடம் கிடைத்த கதையை எத்தனை தரம் சொன்னீர். உமக்கு முன்பிருந்த காப்பாளர் நாரி நோ, இடுப்பு பிடித்துவிட்டது என்று டொக்டரிடம் போனார். திரும்பி வந்தபோது கம்பங்களுக்கு நடுவில் நீர் நின்றீர். பிறகு அவருக்கு அந்த இடம் கிடைக்கவேயில்லை.

"கோல் காப்பாளருக்கு ஒரே ஒரு கதிரைதான், மரியோ. எழும்பினால் மற்றவன் இருந்திடுவான்" என்று, மரியதாஸாகிய என்னை மரியோவாக்கிச் சொல்லுவீர்.

"அப்ப நோ வந்தால்?"

"நோ வந்தால் சிரிக்கவேணும்."

அப்படித்தான் முறிந்த சின்ன விரலைப் பக்கத்து விரலோடு சேர்த்துக் கட்டிக் கையுறைக்குள் ஒளித்தீர். பயிற்சியாளருக்கு இடது கை கொடுத்தீர். அந்த விரல் சாகும்வரை கோணலாகவே இருந்தது. அதைக் காட்டிக் காட்டி நீர் சிரிக்க, நானும் மடையன் மாதிரிச் சேர்ந்து சிரித்தேன்.

போன வருடம் மாடிப்படியின் ஒவ்வொரு திருப்பத்திலும் குனிந்து சப்பாத்துக் கயிறு கட்டத் தொடங்கினீர். "நல்ல சப்பாத்து வாங்கும் தம்பி, இது நெடுக அவிழுது" என்று நான் பகிடி பண்ணினேன். நீர் விழுந்த அன்று உம்முடைய கால்களைத் தூக்கிப் பிடித்தவன் நான். அது கயிறே இல்லாத சப்பாத்து. இதற்கு என்ன சொல்லுகிறீர்? யாரிடம் எந்த இடம் போய்விடும் என்று பயந்தீர்? டொக்டர் சனிக்கிழமை மைதானத்துக்குப் போகவேண்டாம் என்பார், அவ்வளவுதானே? போகாமல் வீட்டில் இருந்து என்னோடு கதைத்துக்கொண்டிருந்தால் குறைந்தா போயிருப்பீர்?

உம்முடைய அடக்கப் பூசை முடிந்ததும் உம்மோடு விளையாடின கிழவர் ஒருவர் எழும்பி, "கடைசிவரை மைதானத்தை விட்டு வெளியேறக் கேட்காத மனுசன்" என்றார். பெட்டி வெளியே வந்தபோது இந்த ஊர் வழக்கப்படி எல்லாரும் கை தட்டினார்கள். நான் தட்டவில்லை. உம்மைக் கொன்ற அந்தப் பிடிவாதத்துக்கா நான் கை தட்டவேண்டும்? உம்முடைய மனைவி, எங்கள் சிஞ்ஞோராவும் தட்டவில்லை. அதைப் பார்த்தவன் நான் மட்டுந்தான்.

சிஞ்ஞோரா இப்போது அரைக் கோப்பிதான் குடிக்கிறார். வுச்சீரியாச் சந்தையில் மரக்கறி வாங்கிக்கொண்டு நான் அந்த மாடிப்படி ஏறுகிறேன். திருப்பத்துக்குத் திருப்பம் நின்று பைகளைக் கைமாற்றுகிறேன். பை பாரமில்லை, தம்பி.

"ஏன் சுணங்கினாய், மரியோ?"

"சந்தையிலை சரியான சனம், சிஞ்ஞோரா."

போன கிழமை அப்படிச் சொன்னபோது அவர் என் சப்பாத்தைப் பார்த்தார். பிறகு என் முகத்தைப் பார்த்தார். உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். அன்றிலிருந்து எனக்கு உம்மேல் இருக்கிற கோபம் இரண்டு மடங்காகிவிட்டது. ஒரு பெண்ணை இரண்டு தரம் ஏமாற்றவேண்டுமா?

எனக்கும் பயம் இருக்கிறது. நோயாளியை யார் வைத்திருப்பார்கள்? வேலை போனால் இந்த நாட்டில் இருக்க விடுகிற பெர்மெஸ்ஸோப் பத்திரத்தைப் புதுப்பிக்க என்ன காட்டுவேன்? ஸ்தாசியோனே ரயில் நிலையப் பக்கம் போனால் வேலை தேடி நிற்கிற எங்கள் ஆட்கள் எத்தனை பேர். அவர்களும் இந்த இதழைத்தான் வாசிக்கிறார்கள். இதை வாசித்துவிட்டு யாராவது நாளைக்கே அந்தப் படியேறி வேலை கேட்கலாம்.

கேட்கட்டும். இதழ் கைக்கு வருவதற்கு முன்னமே சிஞ்ஞோராவுக்கு முன்னால் நின்று, "எனக்கு நெஞ்சு நோகுது, டொக்டரிட்டை போறன்" என்று சொல்லுவேன். வேறு ஆளை வைப்பதென்றால் வைக்கட்டும். ஆனால் கட்டாயம் சொல்லுவேன் தம்பி, இது சத்தியம். எனக்கு யாரும் கை தட்டவேண்டாம்.

உம்மோடு இன்னும் கோபம் தீராத அண்ணன்,
மரியதாஸ்