லாரிக் கரை

ஜூன் 12, வியாழன்

நாற்பது நிமிடம் ஓட்டினேன். மலைப்பாதை, மழை, பின்னால் இருபது டன் மரம். ஓர் இடத்திலும் இடிக்கவில்லை. ஆசையாகப் பதிவை எடுத்துப் பார்த்தால் திரை முழுக்கக் கறுப்பு. என் குரல் மட்டும் இருக்கிறது. "இப்ப இடது பக்கம் ஒடிக்கணும்... மெதுவா... அப்பாடி" என்று இருட்டுக்குள் ஒருத்தி தனியாகப் பேசிக்கொண்டிருக்கிறாள்.

பிள்ளையார்பாளையத்துத் தெருக்களில் ஸ்கூட்டி ஓட்டப் பயப்படுகிறவள் நான். கம்ப்யூட்டர் ஆட்டத்தில் பதினான்கு சக்கர லாரியைப் பின்னாலேயே எடுத்து நிறுத்துவேன். அதை நாலு பேர் பார்க்க வேண்டும் என்று தோன்றுவதில் தப்பு என்ன?

ஜூன் 14, சனி

ஆட்டத்தை முழுத்திரையிலிருந்து ஜன்னலாகச் சுருக்கினேன். கறுப்பு. பதிவு மென்பொருளை அட்மினாகத் திறந்தேன். கறுப்பு. டிரைவரைப் புதுப்பித்து, லேப்டாப்பை அணைத்து, மறுபடி போட்டேன். கறுப்பு.

வீட்டுக்காரர் தறியிலிருந்தே கேட்டார்: "இன்னாமா, கரெண்ட்டு போச்சா?"

ஜூன் 15, ஞாயிறு

கோயம்புத்தூரிலிருந்து மகள் கீர்த்தி போன் செய்தாள். பிரச்சினையைச் சொன்னேன். "மா, ஆட்டத்த மட்டும் புடின்னு குடுத்திருப்ப. அத எடுத்துட்டு டிஸ்பிளே கேப்சர் போடு. ஸ்க்ரீன்ல இன்னா தெரியுதோ அத்தினியும் போவும்" என்றாள்.

போட்டேன். வந்துவிட்டது! என் லாரி, என் மழை, என் வைப்பர்.

"அப்போ மொதல்ல ஏன் வரல?" என்று கேட்டேன். "அது தெரிஞ்சி இன்னா பண்ணப்போற? வருதில்ல?" என்றாள். பி.எஸ்ஸி. கணிதம் படித்த எனக்கு அந்தப் பதில் போதவில்லை. ஆனாலும் வருகிறதே என்று விட்டுவிட்டேன்.

ஜூன் 19, வியாழன்

மத்தியானம் நேரலை. பதினோரு பேர். முதல் நேரலைக்கு மூன்று பேர்தான்.

அதில் ஒருவர் தர்மன். முசரவாக்கத்துக்காரர், நிஜமாகவே லாரி ஓட்டுகிறவர். சரக்கு இறக்கும் நேரத்தில் வண்டியில் உட்கார்ந்து பார்க்கிறாராம். "அக்கா, எறக்கத்துல நியூட்ரல் போடாதீங்க. போலீசு புடிக்க மாட்டான், சாமிதான் புடிக்கும்" என்று எழுதினார். எனக்கு ஸ்டியரிங் கையில் நிற்கவில்லை, அவ்வளவு சிரிப்பு.

பின்னால் வீட்டுக்காரர் தறி நெய்யும் சத்தம் கேட்கிறதே என்று இரைச்சல் குறைக்கும் வசதியைப் போட்டிருந்தேன். தர்மன் கேட்டார்: "இன்னாக்கா, இன்னிக்கு தறி ஓடலியா?" எடுத்துவிட்டேன். சத்தம் இருந்துவிட்டுப் போகட்டும்.

ஜூன் 25, புதன்

அமாவாசை. தறிக்கு லீவு. அவர் தூங்குகிறார். நான் ஆடி டிசைனை முடித்துக்கொண்டிருக்கிறேன்.

இருபது வருடமாக வீராசாமி முதலாளியின் பட்டுக்கடைக்குத்தான் டிசைன் போடுகிறேன். முன்பு கட்டத்தாளில், இப்போது இந்த லேப்டாப்பில். வருடத்தில் மற்ற டிசைன்கள் எப்படிப் போனாலும் ஆடிக்கு ஒன்று தனி. அதில் நெய்யும் முதல் சேலை எங்கள் தெரு அம்மனுக்கு. அம்மன் உடம்பில் ஏறும்வரை போடுகிற நான், நெய்கிற ஆள், முதலாளி, இந்த மூன்று பேரைத் தவிர யார் கண்ணிலும் படக் கூடாது. விருந்தாளி வந்தால் தறிமேல் வேட்டியைப் போட்டு மூடுவோம். முதலாளியின் மனைவிகூடக் கேட்க மாட்டார்.

இந்த வருடம் நெய்யப்போவது என் வீட்டுக்காரர். முதல் தடவை. வெளியே காட்டிக்கொள்ளவில்லை, ஆனால் தறியை இரண்டு தரம் துடைத்துவிட்டார்.

கரையில் அன்னப்பட்சி வரிசை. உடலில் சின்னச் சின்ன ருத்ராட்சப் புட்டா. நன்றாக வந்திருக்கிறது. எனக்கே பிடித்திருக்கிறது.

ஜூலை 1, செவ்வாய்

எழுதி வெச்சாத்தான் மனசு அடங்கும்.

நேரலையில் இருந்தேன். இன்றும் பதினோரு பேர். லாரியை ஓரமாக நிறுத்தி டீசல் போட்டுக்கொண்டிருந்தேன். அன்னத்தின் மூக்கில் ஒரு கட்டம் கூடுதலாக இருப்பது காலையிலிருந்து உறுத்திக்கொண்டே இருந்தது. நாளைக்கு டிசைனைத் தறிக்கு ஓட்டை அட்டையாக அடிக்கக் கொடுக்க வேண்டும். டீசல் நிரம்புகிற நேரத்தில் அதைத் திருத்திவிடலாமே என்று டிசைன் ஜன்னலுக்குப் போனேன். போனது மட்டுமா? மூக்கைப் பெரிதாக்கி, "ஒரு கட்டம் தூக்கிக்கினு நிக்குது பாரு" என்று வாயால் வேறு சொல்லியிருக்கிறேன்.

தர்மன் எழுதினார்: "அக்கா, லாரி போயி ஏதோ பூக்கட்டம் வருது."

ஆட்டத்தை மட்டும்தானே பார்க்கிறார்கள் என்று என் மனசு நினைத்துக்கொண்டிருந்தது. திரை முழுவதையும் கொடுத்தது நானேதான். நாற்பது விநாடி. கரை முழுக்க.

நேரலையை நிறுத்தி, வீடியோவை என் சேனலிலிருந்து நீக்கிவிட்டேன். லேப்டாப்பில் ஒரு பிரதி இருக்கிறது. அதை அழிக்கக் கை வரவில்லை. ஏன்?

ஜூலை 2, புதன்

அட்டை அடிக்கக் கொடுக்கவில்லை. காய்ச்சல் என்று முதலாளிக்குச் சொல்லி அனுப்பினேன்.

சொல்லாமல் விட்டால் ஒருவருக்கும் தெரியாது. பதினோரு பேருக்கும் அது பூக்கட்டம், அவ்வளவுதான். ஆனால் ஆடி வெள்ளியன்று அம்மன் முன்னால் நிற்கப்போவது நான் இல்லையா? இவர் பதினைந்து நாள் நெய்து, அதைத் தோளில் வைத்துக் கொண்டுபோவாரே, அவர் முகத்தை எப்படிப் பார்ப்பேன்?

அவரிடம் சொன்னேன். "தெரிஞ்சிக்கினே என்னால நெய்ய முடியாது. போய் சொல்லிடு" என்றார். கோபமில்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது.

ஜூலை 3, வியாழன்

கடைக்குப் போனேன். இருபது வருட வேலை இன்றோடு போய்விடும் என்ற நினைப்போடுதான் படியேறினேன்.

முதலாளி முழுதும் கேட்டார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"எத்தினி பேரு பாத்தாங்க?"

"பதினோரு பேர், முதலாளி."

"அதுல சேலை கட்றவங்க எத்தினி பேரு?"

"தெரியல. லாரி டிரைவர் ஒருத்தர் இருக்காரு."

"லாரி டிரைவரு." திரும்பவும் துடைத்தார். "உன் வயசுக்கு ஏம்மா லாரி?"

"பிடிக்குது, முதலாளி."

அதற்கு மேல் அதைப் பற்றிக் கேட்கவில்லை. "அந்தக் கரை தப்பில்ல. தீபாவளிக்கு கடையில வெச்சிக்கலாம். அம்மனுக்கு வாணாம். ஊரு பாத்தத அவளுக்குக் கட்ட முடியாது. வேற போடு. புதன்கிழமைக்குள்ள" என்றார். உடல் புட்டா திரையில் தெரியவில்லை என்று சொன்னேன். "அது இருக்கட்டும், கரை மட்டும் மாத்து."

படியிறங்கும்போது கூப்பிட்டார். "காய்ச்சல்னு சொன்னியே?"

"பொய், முதலாளி."

"அதான பாத்தேன்" என்றார்.

ஜூலை 5, சனி

கோபுரம் போட்டேன். அழித்தேன். மயில் கண் போட்டேன். அழித்தேன். எல்லாம் ஏற்கெனவே யாரோ போட்டது.

ஜூலை 6, ஞாயிறு

அழிக்காமல் வைத்திருந்த பிரதியை இன்று பார்த்தேன். அந்த நாற்பது விநாடிக்கு முன்னால் முக்கால் மணி நேரம் ரோடு இருக்கிறது. ஓட்டும்போது கண்ணில் படாதது பார்க்கும்போது பட்டது: நடுவே வெள்ளைக் கோடு, ஒரு துண்டு, ஓர் இடைவெளி, மறுபடி ஒரு துண்டு. ஈர ரோட்டில் அது ஜரிகை மாதிரியே மின்னுகிறது.

உடனே டிசைன் ஜன்னலைத் திறந்தேன். எட்டுக் கட்டம் ஜரிகை, ஐந்து கட்டம் வெறுமை. மேலேயும் கீழேயும் மெல்லிய வைரஊசிக் கோடு. வேறு ஒன்றும் இல்லை. எவ்வளவு எளிது.

பிறகு பிரதியை அழித்தேன். இப்போது கை வந்தது.

ஜூலை 8, செவ்வாய்

காலையில் முதலாளியிடம் காட்டினேன். தாளைத் தூரத்தில் பிடித்துப் பார்த்தார், கிட்டே பிடித்துப் பார்த்தார்.

"பேரு இன்னா?"

"பேர் வைக்கல. ரோட்டுல நடுவுல இருக்கும்ல..."

"லாரிக் கரைன்னு வெச்சிக்க" என்றார் சிரிக்காமல். "யாராச்சும் பாத்தாங்களா?"

"இல்ல."

"வீட்டுக்காரரு?"

"அவர் நெய்யணுமே, முதலாளி."

"செரி, அவரு பாக்கலாம்."

ஜூலை 13, ஞாயிறு

அட்டை தறியில் ஏறி, நேற்று ஆரம்பித்துவிட்டார். எங்கள் தறியில் சேலையின் முகம் கீழ்ப்பக்கம் விழும். நெய்கிறவர் கண்ணுக்கு முதுகுதான். நாலு விரற்கடைக்கு ஒருமுறை குனிந்து, சின்னக் கண்ணாடியை அடியில் நீட்டி முகத்தைப் பார்த்துக்கொள்வார். பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நீ ஓட்றத நீ பாக்கற. அவங்களுக்குத் தெரியறத எப்போ பாக்கற?" என்றார், கண்ணாடியை எடுக்காமலே.

இருபத்தோரு வருடமாக இந்தக் கண்ணாடியைத் தினமும் பார்க்கிறேன். எனக்கு ஏன் தோன்றவில்லை?

இனி என் போனில் என் நேரலையையே திறந்து லேப்டாப் பக்கத்தில் சாய்த்து வைக்கப்போகிறேன்.

ஜூலை 16, புதன்

கறுப்புத் திரைக்குக் காரணம் கண்டுபிடித்துவிட்டேன். கீர்த்தியைக் கேட்காமல், நானே.

இந்த லேப்டாப்பில் கிராபிக்ஸ் சிப் இரண்டு. ஒன்று சாதாரண வேலைக்கு, ஒன்று கனமான வேலைக்கு. ஆட்டம் கனமானதில் ஓடுகிறது. பதிவு மென்பொருள் சாதாரணத்தில் ஓடிக்கொண்டிருந்தது. இந்த வீட்டில் நடப்பது அந்த வீட்டுக்குத் தெரியாது. விண்டோஸ் செட்டிங்ஸில் கிராபிக்ஸ் பகுதிக்குப் போய், பதிவு மென்பொருளையும் கனமான சிப்புக்கு மாற்றினேன். மூடித் திறந்து, ஆட்டத்தை மட்டும் பிடி என்றேன். பிடித்தது.

சோதனைக்கு மறுபடி டிஸ்பிளே கேப்சர் போட்டுப் பார்த்தேன். திரை சாதாரண சிப்பில் ஓடுகிறது, அதனால் அது இப்போது கறுப்பு! டிசைன் ஜன்னலும் கறுப்பு, மெயிலும் கறுப்பு. ஒரு மாதமாகத் திட்டிய கறுப்பைப் பார்த்து இவ்வளவு சந்தோஷம் எனக்கு வரும் என்று யார் நினைத்தார்கள்?

ஜூலை 24, வியாழன்

ஆடி அமாவாசை. தறிக்கு லீவு. சேலை முக்கால்வாசி ஆகிவிட்டது. இவர் லீவு நாளிலும் தறிமேல் மூடிய வேட்டியைத் தூக்கித் தூக்கிப் பார்க்கிறார்.

ஆகஸ்ட் 1, வெள்ளி

மூன்றாம் ஆடி வெள்ளி. தோளில் வைத்து இவர்தான் கொண்டுபோனார். நான் பின்னால். முதலாளி கோயில் வாசலில் நின்றிருந்தார்.

திரை விலகியபோது முதலில் மஞ்சள், பூ, விளக்கு. பிறகுதான் கரை தெரிந்தது. மடிப்புக்கு மடிப்பு விட்டுவிட்டு ஓடி, பீடத்தில் வளைந்து, மறுபக்கம் போனது. கூட்டத்தில் ஓர் அம்மாள் "புதுசா இருக்குதே" என்றார். முதலாளி கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். இவர் என் பக்கம் திரும்பவில்லை, ஆனால் பிரசாதத்தில் பாதியை என் கையில் வைத்தார்.

நான் அம்மனிடம் ஒன்றும் கேட்கவில்லை. கணக்கு நேரானது போல இருந்தது. அவ்வளவே போதும்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

நேரலை. பத்தொன்பது பேர். போன் பக்கத்தில் சாய்ந்திருந்தது, அதில் லாரி மட்டும்.

எங்கள் தெருக் கோயிலில் வெள்ளிக்கிழமை விசேஷம், வர முடிந்தவர்கள் வாருங்கள் என்று வியாழன் ஓட்டத்தில் சொல்லி வைத்திருந்தேன். வேறு எதையும் சொல்லவில்லை. இன்று தர்மன் எழுதினார்:

"அக்கா, வெள்ளிக்கிழமை எங்க வீட்டம்மா கோயிலுக்கு இட்டுக்கினு போச்சு. அம்மன் சேலையில கீழ கோடு பாத்தேன். விட்டு விட்டு. எங்க ரோட்டு கோடு மாறியே இருக்குது. வீட்டம்மா சிரிக்குது, உனக்கு எங்க போனாலும் ரோடு தானான்னு."

அதை இரண்டு தரம் படித்தேன். லாரி தானாக ஓடிக்கொண்டிருந்தது.

இன்னொன்றும் எழுதினார்: "அந்த மாறி கோடு இருந்தா முந்திக்கினு போலாம்னு அர்த்தம்க்கா. முன்னாடி டிராக்டர் போவுது பாருங்க."

இண்டிகேட்டர் போட்டேன். பின்னால் தறி ஓடிக்கொண்டிருந்தது. முந்தினேன்.