உன் எழுத்து இருந்த மூலை

ட்ரெவேன், கார்ன்வால்
1891 மார்ச் 14

அன்புள்ள மருமகன் ஹெட்லிக்கு,

உன் தாய்மாமன் ஜேபஸ் எழுதுவது. இந்தக் கடிதம் ஆஸ்திரேலியாவுக்கு வந்து சேர ஆறு வாரமாவது ஆகும். வேறு யாராவது அரைகுறையாக எழுதிவிடப் போகிறார்களே என்று நானே முந்திக்கொண்டேன். நடந்தது அத்தனையும் நான் முன்பே சொன்னதுதான். பக்கத்துப் பழைய சுரங்கத்தில் இருபது வருஷமாகத் தேங்கிக் கிடக்கும் தண்ணீர் ஒருநாள் சுவரை உடைத்துக்கொண்டு நம் சுரங்கத்துக்குள் பாயும் என்று இந்த ஊரில் முதலில் வாயைத் திறந்தவன் நான். நீயும் சொன்னாய், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் எனக்கு அப்புறம்தான்.

போன மாதம் பதினேழாம் தேதி செவ்வாய்க்கிழமை, மத்தியானச் சாப்பாட்டு மணி அடித்துச் சற்று நேரத்தில் அந்தச் சுவர் உடைந்தது. கீழே ஒன்பது பேர் இருந்தார்கள். ஆறு பேர் ஏணியைப் பிடித்து ஏறிவிட்டார்கள். மூன்று பேர் வரவில்லை. அந்த மூவரில் உன் அப்பாவும் ஒருவர். உட்கார்ந்து படி என்று முதலிலேயே எழுதியிருக்க வேண்டும். இப்போதாவது உட்கார்ந்துகொள்.

மாமன் மேலே நின்று வேடிக்கை பார்த்தான் என்று நினைக்காதே. இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு ஐம்பது ஆள் ஆழம் இறங்கினேன். தண்ணீர் என் மோவாய் வரை வந்தது. நான் ஏறி வந்தபோது மேஸ்திரியே தொப்பியைக் கழற்றி, "ஜேபஸு, உன்ன மாதிரி பத்துப் பேரு இருந்தா கடலையே எறைச்சுருவேன்யா" என்றார். உன் அப்பாவை, பாஸ்கோ மச்சானை மட்டும் கொண்டுவர முடியவில்லை. இன்றுவரை முடியவில்லை. கோயிலில் பாட்டுப் பாடினோம். புதைக்க உடம்பு இல்லை.

உனக்கும் அவருக்கும் நடந்தது எனக்கு மறக்குமா? நானும் அதே மேஜையில்தான் உட்கார்ந்திருந்தேன். "அந்தச் சுவரு தாங்காதுப்பா, நான் இனிமே எறங்க மாட்டேன்" என்று நீ சொன்னாய். "பயந்தாங்கொள்ளிப் பயலுக்கு இங்க சோறு கெடையாது" என்று அவர் தட்டை நகர்த்தினார். மறுவாரம் நீ கப்பல் ஏறினாய். அதற்குப் பிறகு இரண்டு வருஷம் அந்த வீட்டில் உன் பெயரை யாரும் சொன்னதில்லை. உன் கடிதம் வந்தால் அவர் எழுந்து கோழிக் கூண்டுப் பக்கம் போய்விடுவார்.

இப்போது ஒரு மாவு விஷயத்துக்கு வருகிறேன். சுரங்கத்துக்குக் கட்டிக்கொண்டு போகும் கறி பேஸ்டிக்கு மாவு பிசைவது ஏதோ பெண்பிள்ளை வேலை என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன். இப்போது உன் அம்மாவுக்கே நான் பாடம் எடுப்பேன். பன்றிக்கொழுப்பை விரல்நுனியால்தான் மாவில் தேய்க்க வேண்டும், உள்ளங்கைச் சூடு படவே கூடாது. தண்ணீர் பனி மாதிரி இருக்க வேண்டும், அதுவும் சொட்டுச் சொட்டாக. ஒரு கை கூடினால் போச்சு, தோல் மாதிரி ஆகிவிடும், செருப்புத்தான் தைக்கலாம். பிசைந்ததும் ஈரத் துணி போட்டு ஒரு மணி நேரம் விட வேண்டும். கறியும் கிழங்கும் வைத்து மடித்த பிறகு ஓரத்தைக் கயிறு மாதிரி முறுக்க வேண்டும். சுரங்க வாயிலிருந்து கீழே போட்டாலும் உடையக் கூடாது. நான் சுட்டதைப் போட்டால் பாறைதான் உடையும். இதையெல்லாம் நான் ஏன் கற்றுக்கொண்டேன் என்று பிறகு சொல்கிறேன்.

அந்தச் செவ்வாய்க்கிழமை காலையிலும் உன் அம்மா வழக்கம்போலப் பிசைந்தாள். கல்யாணமான நாள் முதல் பேஸ்டியின் மூலையில் உன் அப்பா பெயரின் முதல் எழுத்தைத்தான் மாவுத் துண்டால் ஒட்டி அனுப்புவாள். அன்று உன் எழுத்தை ஒட்டினாள். இரண்டு கம்பு, நடுவில் ஒரு படி, உடைந்த ஏணி மாதிரி. கையில் சுரங்கத்து விஷம் இருக்கும் என்று எல்லோரும் கையால் பிடித்திருந்த மூலையை மட்டும் தின்னாமல் கீழேயே எறிந்துவிடுவார்கள் அல்லவா? அதனால் அவரிடம் சொன்னாளாம்: "அவன் மேல கோவம் போயிருந்தா இந்த மூலைய வீட்டுக்குக் கொண்டாங்க. போகலேன்னா எப்பவும் போல வீசிட்டு வாங்க. நான் அப்புறம் ஒரு வார்த்தை கேக்க மாட்டேன்." அவர் பையை மாட்டிக்கொண்டு போனாராம்.

மூன்றாம் நாள் எந்திரம் இறைத்த தண்ணீரோடு அவருடைய பை மேலே வந்தது. உன் அம்மா மாவுச் சாக்கில் தைத்த பைதான். என் கையில்தான் கொடுத்தார்கள். அவள் எந்திரக் கொட்டகை வாசலில் நின்றாள். மூன்று நாளாகப் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. உடம்பு கிடைத்ததா என்று கேட்கவில்லை. "மூலை இருக்காடா ஜேபஸு?" என்று மட்டும் கேட்டாள். "இருக்குக்கா" என்றேன். "குடு" என்றாள். மேஸ்திரி பார்த்துக் குறித்துக்கொள்ள வேண்டுமாம், நாளைக்குக் கொண்டுவருகிறேன் என்றேன்.

மறுநாள் கொண்டுபோய்க் கொடுத்தேன். சிவப்புச் சேற்றில் ஊறிப்போய், உன் எழுத்து மட்டும் தெரிந்தது. ஒரு துணுக்கைக் கிள்ளி இரண்டு விரலுக்கு நடுவே தேய்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு, "அன்னிக்கு எனக்குத் தண்ணி கூடிப்போச்சு போல. தோலாட்டம் இருக்கு பாரு" என்றாள். "சுரங்கத் தண்ணி அக்கா, ஊறிடுச்சு" என்றேன். என் முகத்தைப் பார்த்தாள். "ஆமா. சுரங்கத் தண்ணிதான்" என்றாள்.

அன்றைக்குத்தான் அடுப்பு மூட்டினாள். ஒரு கிண்ணம் கஞ்சி குடித்தாள். அந்த மூலை இப்போது பாட்டுப் புத்தகத்தோடு தகரப் பெட்டியில் இருக்கிறது. உன்னிடமிருந்து ஒரு கடிதம் வந்தால் போதும் என்கிறாள். "அப்பா கோவம் போயிதான் போனாருன்னு அவனுக்கு எழுது" என்று என்னை உட்காரவைத்துச் சொன்னாள். எழுதிவிட்டேன்.

நீ நன்றாக இரு. அங்கே எந்தச் சுவருக்குப் பின்னால் தண்ணீர் இருக்கிறது என்று கேட்காமல் இறங்காதே. யாராவது பயந்தாங்கொள்ளி என்றால் சிரித்துவிட்டு மேலேயே நில். கடவுள் உன்னைக் கிழவனாகும்வரை விட்டுவைக்கட்டும்.

நான் கயிற்றில் இறங்கியதை நீ எப்படியும் நம்பியிருக்க மாட்டாய், அது கிடக்கட்டும். ஆனால் ஒன்றை மட்டும் உன்னிடம் பொய்யாக அனுப்பக் கை வரவில்லை. பை வெறும் பைதான் ஹெட்லி. ஒரு பிடி சேறு இருந்தது. அவர் தின்றாரா, எறிந்தாரா, உனக்காக எடுத்து வைத்ததைத் தண்ணீர் கொண்டுபோனதா, எனக்குத் தெரியாது. இனி யாருக்கும் தெரியாது. அந்த மூலையை என் வீட்டு அடுப்பில் நான் சுட்டேன். மூன்றாவது தடவைதான் எழுத்து ஒட்டியது.

அம்மாவுக்கு உடனே எழுது. அன்றைக்கு மாவில் தண்ணீர் கூடிப்போனது என்று அவள் உனக்கு எழுதினால், ஆமாம் அம்மா என்று மட்டும் பதில் போடு.

உன் மாமன்,
ஜேபஸ்