மான்களுக்கு வைத்த பொங்கல்

9 ஜனவரி 1996, செவ்வாய்

காலையில் பண்ணை மான்களை எண்ணினேன். நாற்பத்தாறு. கொம்பன் ஆறு, பெட்டை முப்பத்தொன்று, குட்டி ஒன்பது. மூன்று வாரமாக மழை இல்லை, வேலிக்குள் இருந்த புல்லை வேர் தெரிய மேய்ந்துவிட்டன. இந்தப் பன்னிரண்டு ஏக்கர் முப்பது மானுக்குத்தான் தாங்கும் என்று மிருக டாக்டர் ஷாந்தினி போன வருடமே சொன்னார். பண்ணை முதலாளி தௌக்கேயிடம் எடுத்துச் சொன்னேன். "எண்ணிக்கை ஏறணும் புவனேந்திரன், இறங்கக்கூடாது" என்றார். தலையாட்டிவிட்டு வந்தேன். தலையாட்டத்தான் எனக்குச் சூப்பர்வைசர் என்று பேர்.

புல் அறுத்து வரும் வீராசாமி அண்ணன் தினமும் மோட்டார் சைக்கிளில் எங்கெங்கோ சுற்றுகிறார். ஐம்பத்தைந்து வயது. புல்லுக்கட்டைப் பிரித்ததும் ஒரு தண்டைத் தான் கடித்துப் பார்த்துவிட்டுத்தான் மானுக்குப் போடுவார். கேட்டால், "ருசி பாக்காம யாராச்சும் பரிமாறுவாங்களா?" என்பார்.

12 ஜனவரி, வெள்ளி

என் அக்கா முனியம்மா வந்திருந்தாள். அவள் இன்னும் தோட்டத்து லயத்து வீட்டில்தான். எண்ணெய்க்காக நட்ட செம்பனைக் கன்றுகளைத் தின்றுவிடுகின்றன என்று தோட்ட நிர்வாகம் மாடு வளர்க்கத் தடை போட்டு, போன வருடம் லயத்து மாடுகள் எல்லாம் விலைக்குப் போயின. அக்காவின் இரண்டும்.

"மாட்டுப் பொங்கலுக்கு மாலை போட ஒரு கழுத்து இல்லாம போச்சு தம்பி. ஒங்க மானுக்குப் போட்டுட்டுப் போறோமே. பத்துப் பேருதான்லா."

தௌக்கே அன்று சிங்கப்பூரில் இருப்பார். வரச் சொன்னேன். லயத்தில் பிறந்தவன் இத்தனை மான்களுக்கு அதிகாரியாக இருக்கிறான், வந்து பார்க்கட்டும்.

16 ஜனவரி, செவ்வாய். மாட்டுப் பொங்கல்

பத்துப் பேர் என்றது நாற்பது பேர். லாரியில் வந்து இறங்கினார்கள். வேலிக்குள்ளேயே அடுப்பு மூட்டினார்கள். என் மனைவி புனிதாதான் பொங்கல் கிண்டினாள். பால் பொங்கியதும் தட்டைத் தட்டிக்கொண்டு எல்லோரும் "பொங்கலோ பொங்கல்" என்று கத்த, மந்தை முழுக்க வேலியோரமாக ஓட ஆரம்பித்தது. நிற்கவே இல்லை. மாலை போடவேண்டுமே. இளவட்டங்கள் மூலையில் மடக்கினார்கள். நானும் சேர்ந்து மடக்கினேன், எப்படி மடக்குவது என்று சொல்லியும் கொடுத்தேன். ஒன்பது பெட்டைகள் அகப்பட்டன. நாலு பேர் அமுக்கிப் பிடிக்க, கழுத்தில் மாலை, நெற்றியில் குங்குமம்.

அவற்றில் ஒன்று திமிறக்கூட இல்லை. வாயைத் திறந்து மூச்சு வாங்கியபடி அப்படியே நின்றது. "எவ்ளோ சாதுவா நிக்குது பாரு" என்று அக்கா அதன் நெற்றியைத் தொட்டுக் கும்பிட்டு அழுதாள். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

வீராசாமி அண்ணன் லீவில் புக்கிட் ரம்பாய்க்கு மகள் வீட்டுக்குப் போயிருக்கிறார். தௌக்கே காதுக்குப் போகக்கூடாது, யாரும் வாய் திறக்காதீர்கள் என்று சொல்லித்தான் லாரியை அனுப்பினேன்.

18 ஜனவரி, வியாழன்

பெட்டை ஒன்று செத்துக் கிடந்தது. பின்னங்கால் இரண்டும் விறைத்திருந்தன. மூத்திரம் காப்பி நிறத்தில். இன்னும் இரண்டு தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நிற்கின்றன.

சூப்பர்வைசர் வேலைக்காகப் போன கோலாலம்பூர்ப் பயிற்சியில் இதைப் பற்றி ஏதோ சொன்னார்கள். எனக்குத் தெரியும் இது என்ன என்று. எழுத மாட்டேன்.

20 ஜனவரி, சனி

மொத்தம் ஐந்து. ஐந்தும் மாலை போட்டவை.

டாக்டர் ஷாந்தினி வருகிறார் என்றதும் துணியை நனைத்து ஐந்து நெற்றியையும் துடைத்தேன். குங்குமம் முடிக்குள் இறங்கியிருந்தது. நகத்தால் சுரண்டவேண்டியிருந்தது. இதைச் செய்தவன் நான்தான். எழுதி வைக்கிறேன், பிறகு இல்லை என்று எனக்கே சொல்லிக்கொள்ளாமல் இருக்க.

டாக்டர் தொடையை அறுத்துக் காட்டினார். சதை வெந்த கோழி மாதிரி வெளுத்திருந்தது. "மூச்சு முட்ட ஓடுன மான், பிடிச்சு அமுக்குன மான், இப்படித்தான் ஆகும். அன்னிக்கு ஒண்ணும் தெரியாது. நடக்கும், தண்ணி குடிக்கும். ரெண்டு மூணு நாள் கழிச்சு விழும். யாராவது தொரத்துனாங்களா? நாய் ஏதும் உள்ள வந்துச்சா?"

"இல்ல டாக்டர்."

என் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு வயிற்றைத் திறந்தார். இரண்டில் குட்டி இருந்தது. ஒரு குட்டிக்குக் குளம்பு வந்திருந்தது.

"தொரத்தலேன்னா வேற காரணம்தான் தேடணும். புல்லு எங்கேருந்து வருது?"

அப்போது வீராசாமி அண்ணன் தானாக முன்னால் வந்தார். "நேத்து முந்தாநாளு செம்பனை ஓரத்துல ரெண்டு கட்டு அறுத்தேன் டாக்டரம்மா. வேற எங்கயும் புல்லு இல்ல. மருந்து அடிச்ச எடமான்னு தெரியல. கடிச்சுப் பாத்தேன், நல்லாத்தான் இருந்துச்சு."

முதல் மான் விழுந்த பிறகு அறுத்த புல் அது. அன்று மதியம்தான் லீவு முடிந்து வந்த அண்ணனுக்கும், டாக்டருக்கும் அந்தக் கணக்கு தெரியாது. எனக்குத் தெரியும். நான் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

சதைத் துண்டுகளை எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்புகிறார். மூன்று வாரம் ஆகுமாம்.

22 ஜனவரி, திங்கள்

தௌக்கே வந்தார். பரிசோதனைக்கு எல்லாம் அவர் காத்திருக்கவில்லை. விஷப் புல் என்று முடிவு கட்டி வீராசாமி அண்ணனைப் போகச் சொல்லிவிட்டார். "நீ என்ன சொல்ற?" என்று என்னைக் கேட்டார். "நீங்க சொன்னா சரிதான் தௌக்கே" என்றேன். அந்த நாலு எழுத்துச் 'சரிதான்' எங்கிருந்து அவ்வளவு சுலபமாக வந்தது?

அண்ணன் அரிவாளைக் கழுவி வைத்தார். போகும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஒன் பேரையும் கெடுத்துட்டேன் தம்பி, மன்னிச்சிரு" என்றார்.

என் பேரை. அவர் கெடுத்துவிட்டாராம்.

23 ஜனவரி, செவ்வாய்

வெட்கங்கெட்டவன்.

புனிதா எதுவும் கேட்பதில்லை. அவளுக்கு எல்லாம் தெரியும். நான் இருக்கும் அறைக்கு மட்டும் வருவதில்லை.

27 ஜனவரி, சனி

மான் செத்த செய்தி லயத்துக்கும் போய்விட்டது. அக்கா ஓடி வந்தாள். "கண்ணு பட்டுருச்சு தம்பி, அவ்ளோ அழகா நின்னுச்சே" என்றாள். என்ன வந்ததோ எனக்கு — ஒன்னாலதான், நீ கேட்டதாலதான், மாடு போனா போகுதுன்னு சும்மா கெடக்கவேண்டியதுதானேன்னு கத்திட்டேன். தேநீரை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போய்விட்டாள். அவள் கேட்கத்தானே செய்தாள்? பயிற்சிக்குப் போனது அவளா? கதவைத் திறந்தது அவளா?

4 பிப்ரவரி, ஞாயிறு. தைப்பூசம்

கோவிலில் வீராசாமி அண்ணன் மனைவி வேலாயி அக்காவைப் பார்த்தேன். பார்க்காத மாதிரி நழுவப் பார்த்தேன், கூப்பிட்டுவிட்டார்.

"ரெண்டு வாரமா சோறு எறங்கல அவருக்கு. வயித்துக் குட்டியையும் சேத்துக் கொன்னுட்டேனேங்கிறாரு. ரோட்டோரத்துல புல்லப் பாத்தாலே மொகத்தத் திருப்பிக்கிறாரு. நீங்க வந்து ரெண்டு வார்த்த சொல்லுங்க தம்பி, ஒங்க பேச்சக் கேப்பாரு."

வரேங்க்கா என்றேன். அண்ணன் முடியிறக்கும் இடத்தில் உட்கார்ந்திருந்தார். செத்த மான்களுக்காக வேண்டுதலாம். தலை குனிந்து உட்கார்ந்திருந்தவரின் நரைமுடி மடியில் விழுந்துகொண்டிருந்தது. செய்தது நான், முடி கொடுப்பது அவர். கூட்டத்தோடு கூட்டமாக வெளியே வந்துவிட்டேன்.

12 பிப்ரவரி, திங்கள்

டாக்டர் போன் செய்தார். சதைத் துண்டுகள் வழியில் வெயிலில் கெட்டுவிட்டனவாம். விஷம் உண்டா இல்லையா என்று இனி யாராலும் சொல்ல முடியாதாம்.

அப்பாடா, தப்பிச்சோம். அதுதான் முதலில் தோன்றியது. போனை வைத்த பிறகும் கொஞ்ச நேரம் அந்த நிம்மதி இருந்தது. பிறகு எனக்கே என்னைப் பிடிக்கவில்லை. இனி வாய் திறக்கவேண்டியவன் நான் ஒருத்தன்தான். திறக்காவிட்டால் அந்த மனிதர் சாகும்வரை சுமப்பார்.

13 பிப்ரவரி, செவ்வாய்

முதலில் டாக்டருக்குப் போன். "தெரியும். நீங்களாச் சொல்லணும்னுதான் இருந்தேன்" என்று மட்டும் சொன்னார். பிறகு தௌக்கே. முழுக்கக் கேட்டுவிட்டு, நாளையிலிருந்து வரவேண்டாம் என்றார். எதிர்பார்த்ததுதான்.

கடைசியாக அண்ணன் வீடு. வாசலில் நின்றபடியே சொன்னேன். லாரி, தட்டுச் சத்தம், நான் மடக்கியது, மாலை, துணியால் துடைத்தது, தௌக்கேயிடம் சரிதான் என்றது. ஒன்றையும் விடவில்லை.

கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்.

"அப்ப புல்லு இல்லியா?"

"இல்லண்ணே."

"நான் கொல்லல?"

"இல்லண்ணே. நாந்தான்."

அறைவார் என்று காத்திருந்தேன். அறைந்தால் தேவலை என்று இருந்தது. அவர் உள்ளே திரும்பி, "வேலாயி, நல்ல புல்லுதானாம்" என்றார். "சோறு போடு."

தரையில் உட்கார்ந்து சாப்பிட ஆரம்பித்தார். இரண்டாம் தரம் வாங்கிச் சாப்பிட்டார். என்னை உட்காரச் சொல்லவில்லை. நானும் போய்விடவில்லை. அவர் கை கழுவும்வரை வாசலிலேயே நின்றுவிட்டு வந்தேன்.

21 ஜூன் 1996, வெள்ளி

புக்கிட் ரம்பாய் தொழிற்சாலையில் மூன்று மாதம் ஆகிறது. பெட்டி அடுக்கும் வேலை.

இன்று பஸ் நிறுத்தத்தில் டாக்டர் ஷாந்தினி காரை நிறுத்திப் பேசினார். தௌக்கே ஒருவழியாக மந்தையை முப்பதுக்குக் குறைத்துவிட்டாராம். புல் மறுபடி தலை காட்டுகிறதாம். பிழைத்த நாலு பெட்டைகளில் ஒன்று குட்டி போட்டிருக்கிறதாம். தௌக்கே திரும்பக் கூப்பிட்டுக்கொண்டாராம், வீராசாமி அண்ணன்தான் இப்போது சூப்பர்வைசர். யார் வந்தாலும், தௌக்கேயாகவே இருந்தாலும், வேலிக்கு நூறு அடி முன்னாலேயே வண்டியை நிறுத்தி நடந்து வரச் சொல்கிறாராம்.

"இதையெல்லாம் யாரு சொல்லிக் குடுத்தாங்கன்னு அவர்கிட்ட கேட்டேன். புவனேந்திரன்னாரு" என்றார் டாக்டர்.

"எப்படிச் சொன்னாரு? கோவமாவா?"

"சாதாரணமாத்தான். புல்லப் பிரிச்சுக்கிட்டே சொன்னாரு."